மிஷலின் லாங்தோ: நடிகையும் இயக்குநரும்

மதிப்புக்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். கனடாவின் பிரெஞ்சு மொழி மாகாணமான கியூபெக்கின் சினிமாவைப் பற்றிய தங்கள் கட்டுரையில் மிஷலின் லாங்தோவின் ‘சொனாத்தின்’ படத்தை ஒரே வரியில் குறிப்பிட்டுக் கடந்துவிட்டீர்கள். அதன் பிறகு அவரைப் பற்றித் தேடிப் படித்தேன். 1972இல் ஒரே படத்தின் மூலம் பெயர்பெற்ற நடிகை, எட்டு ஆண்டுகள் கழித்து இயக்குநர் ஆகிறார். 1984இல் வெனிஸ் திரைப்பட விழாவில் வெள்ளிச் சிங்கம் விருதைப் பெறுகிறார். ஆனால் திரையரங்குக்கான அடுத்த கதைப்படம் வருவதற்குள் 1993 ஆகிவிடுகிறது. பிறகு வந்தவையெல்லாம் சிறிய படங்கள். அறுபது வயதைத் தாண்டியபின் தொலைக்காட்சித் தொடரில் சிறைக்கைதி வேடம்.

நடிகைகள் வாய்ப்புக் குறையும்போதுதான் இயக்கத்தின் பக்கம் ஒதுங்குகிறார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. லாங்தோவின் கதையும் அதுதானா? இவ்வளவு பெரிய விருதைப் பெற்றவர் அதற்குமேல் உயராமல் போனது ஏன்? மீண்டும் நடிக்கப் போனது ஒரு வீழ்ச்சி இல்லையா? அவருடைய படங்களை எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

அன்புடன்,
க.

அன்புள்ள க.,

உங்கள் கேள்விகளில் முதலாவது நேரடியாகப் பதில் சொல்லக்கூடியது. நடிப்பில் வாய்ப்புக் குறைந்து இயக்கத்துக்கு வந்தவர் அல்லர் லாங்தோ. வரிசையே வேறு. 1947இல் பிறந்த அவர் முதலில் படித்தது இசையும் ஓவியக்கலையும். பிறகு கனடாவின் தேசியத் திரைப்பட வாரியத்தில் அனிமேஷன் பிரிவில் வேலை பார்த்தார். அடுத்து மாண்ட்ரியலில் ஜெரால்ட் பாட்டர்டனின் அனிமேஷன் நிறுவனத்தில் படம் வரைந்தார். நடிப்புப் பள்ளியின் வாசலை மிதிக்காதவராக, வரைமேசையிலிருந்து எழுந்து வந்துதான் அவர் கேமராவின் முன் நின்றார். 1975இல், அதாவது அவருடைய நடிப்பு வாழ்க்கை நன்றாக நடந்துகொண்டிருந்த காலத்தில், பெண்களுக்குச் சமூகம் தரும் இரண்டாம் இடத்தைப் பற்றி அந்த வாரியத்துக்காக ஒரு குறும் அனிமேஷன் படத்தை இயக்கவும் செய்தார். ஆகவே படம் எடுப்பதுதான் அவருடைய முதல் தொழில். நடிப்பு அதன் நடுவில் வந்து சேர்ந்தது, சேர்ந்தபின் போகவேயில்லை.

இதை இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. ஒரு நொடிக்கு இருபத்து நான்கு பிரேம்கள் ஓடும் கலையில், ஒரு கை மேசையிலிருந்து எழுந்து முகத்தைத் தொடுவதைப் பல தாள்களாகப் பிரித்து வரைபவருக்கு ஓர் அசைவு எங்கே தொடங்குகிறது, எங்கே தயங்குகிறது என்பதெல்லாம் விரல்களிலேயே தங்கிவிடும். லாங்தோவின் படங்களில் மனிதர்கள் குறைவாகப் பேசுவார்கள். ஆனால் உட்காரும் விதம், தலை திருப்பும் விதம், ஒருவரை ஒருவர் பார்த்தும் பார்க்காததுபோல் இருக்கும் விதம் ஆகியவற்றில் கதை நடந்துகொண்டே இருக்கும். இந்தப் பழக்கம் நடிகையாக இருந்ததால் மட்டும் வந்ததாக நான் நினைக்கவில்லை.

நடிப்பு அவருக்குக் கொடுத்தது வேறொன்று: பிறரால் பார்க்கப்படுவது எப்படி இருக்கும் என்னும் அறிவு. ழீல் கார்ல் இயக்கி, 1972இல் கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்ற ‘பெர்னதெத்தின் உண்மையான இயல்பு’ படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். மாண்ட்ரியலின் வசதியான வாழ்க்கையையும் கணவனையும் விட்டுவிட்டு, சிறு மகனுடன் கிராமத்துக்கு வந்துவிடும் இளம்பெண்ணாக லாங்தோ நடித்தார். இயற்கையோடு இயைந்து வாழ வேண்டும், இருப்பதையெல்லாம் பகிர்ந்துகொள்ள வேண்டும் என்று அவள் நம்புகிறாள். தன் உடலையும் அன்பையும்கூட அந்த ஊரின் கிழவர்களுக்குக் கணக்குப் பார்க்காமல் கொடுக்கிறாள். கத்தோலிக்கக் கிராமம் அவளைப் புனிதையாக்குகிறது. அற்புதங்கள் நடப்பதாகப் பேச்சு பரவி, கூட்டம் வந்து சேர்கிறது. பக்கத்து நிலத்து விவசாயிக்கோ விளைபொருளின் விலைதான் பிரச்சினை. அற்புதங்களுக்கு அவனிடம் நேரமில்லை. அந்தப் படத்தில் எல்லோரும் பெர்னதெத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள், ஒவ்வொருவரும் தனக்கு வேண்டியதை அவளில் காண்கிறார்கள், அவளை யாரும் காண்பதில்லை. அந்த வேடத்துக்காகக் கனடாவின் சிறந்த நடிகை விருது அவருக்குக் கிடைத்தது. இருபத்தைந்து வயதில் ஒரு புதியவருக்கு அதைவிடப் பெரிய நுழைவாயில் அமைவது கடினம்.

இரண்டாண்டுகள் கழித்து வந்த ஆங்கிலப் படம், டெட் கோட்செஃப் இயக்கிய ‘டடி கிராவிட்ஸின் தொழிற்பயிற்சி’. மார்டெகாய் ரிச்லரின் நாவலிலிருந்து எடுக்கப்பட்டு, 1974இல் பெர்லின் திரைப்பட விழாவின் முதன்மை விருதான தங்கக் கரடியைப் பெற்றது. ரிச்சர்ட் டிரைஃபஸ் நடித்த டடி என்னும் யூத இளைஞன், ஏரிக்கரையைச் சுற்றியுள்ள நிலத்தை வெளியே தெரியாமல் வாங்குவதற்காகத் தன் பிரெஞ்சுக் கனடியக் காதலி இவெத்தின் பெயரைப் பயன்படுத்துகிறான். இவெத்தாக நடித்தவர் லாங்தோ. பத்திரத்தில் அவள் பெயர், நிலம் அவனுக்கு, கதையும் அவனுக்கு. அவர் அந்த வேடத்தை மிக அழகாகவே செய்திருக்கிறார். அவன் செய்வது தவறு என்று அவள் உணரும் தருணங்களில் அந்த முகத்தின் கனம் மொத்தப் படத்தையும் நிறுத்திப் பிடிக்கிறது. ஆனாலும் அது இன்னொருவரின் கதைக்குச் சாட்சியாக இருக்கும் வேடம்தான். 1970களில் எத்தனை நல்ல நடிகைக்கும் பெரும்பாலும் கிடைத்தது அதுவே.

அதே காலத்தில் கியூபெக்கில் பெண்கள் கேமராவின் மறுபக்கத்துக்கு வரத் தொடங்கியிருந்தார்கள். ஆன் கிளேர் புவாரியே 1968இலேயே தேசியத் திரைப்பட வாரியத்தின் பிரெஞ்சுப் பிரிவில் தாய்மையைப் பற்றிய முழுநீளப் படத்தை எடுத்துவிட்டார். 1972இல் மிரேய் தான்செரோவின் முதல் கதைப்படம் வெளிவந்தது. லாங்தோவின் முதல் முழுநீளப் படமான ‘எல்லா வேலையும் செய்பவன்’ 1980இல் வந்தது. கைவேலைக்காரன் ஒருவன், தான் வேலை செய்யப் போன புறநகர் வீட்டின் தலைவியிடம் மனத்தைப் பறிகொடுக்கும் எளிய கதை. இதமான, நகைச்சுவை கலந்த படம். அடுத்து வரப்போவதை அது காட்டிக்கொடுக்கவில்லை.

‘சொனாத்தின்’ படத்தை ஒரு வரியில் கடந்துவிட்டேன் என்று நீங்கள் குறைப்பட்டது நியாயமானது. அதை இங்கே ஈடுசெய்கிறேன். சொனாட்டா என்னும் மேற்கத்திய இசை வடிவத்தின் சிறு உருவைப்போல மூன்று பகுதிகள் கொண்ட படம் அது. ஷாந்தால், லூயிஸெத் என்று இரண்டு பதின்வயதுப் பெண்கள். முதல் பகுதியில் ஷாந்தால் ஒரு பேருந்து ஓட்டுநரோடு பேசிப் பழகுகிறாள். நடுவயது மனிதர், அந்த உறவில் அசிங்கம் ஏதும் இல்லை, ஓடும் வண்டியில் பேச ஒரு மனிதர் கிடைத்தார், அவ்வளவுதான். இரண்டாம் பகுதியில் லூயிஸெத் துறைமுகத்தில் நிற்கும் கப்பலில் ஒளிந்து ஏறிவிடுகிறாள். அவளைக் கண்டுபிடிக்கும் பல்கேரிய மாலுமிக்குப் பிரெஞ்சு தெரியாது, அவளுக்குப் பல்கேரியம் தெரியாது. இருந்தும் இருவரும் பேசுகிறார்கள். ஒருவர் சொல்வதன் பொருள் மற்றவருக்கு எட்டாதபோதும் அக்கறை எட்டிவிடுகிறது. மொத்தப் படத்திலும் அந்தச் சிறுமியின் முகம் தளர்ந்து இளகுவது இந்தப் பகுதியில்தான் என்பதைக் கவனியுங்கள்.

மூன்றாம் பகுதியில் இருவரும் சேர்ந்து மெட்ரோ ரயிலுக்குள் போகிறார்கள். யாரும் தடுக்காவிட்டால் நாங்கள் சாகப்போகிறோம் என்று எழுதிய அட்டை அவர்களிடம் இருக்கிறது. போக்குவரத்து ஊழியர்களின் வேலைநிறுத்தப் பரபரப்பில் நகரம் இருக்கிறது. பயணிகள் வருகிறார்கள், போகிறார்கள். அட்டை ஒளித்து வைக்கப்படவில்லை, எழுத்து மங்கலாக இல்லை, பெட்டியில் வெளிச்சத்துக்கும் குறைவில்லை. இந்த இடத்தில் வேறொருவர் என்றால் இசையைக் கூட்டியிருப்பார்கள், அல்லது பயணிகளின் முகங்களை நெருக்கக் காட்சிகளில் அடுக்கிப் பார்வையாளரை அழவைத்திருப்பார்கள். லாங்தோ இரண்டையும் செய்யவில்லை. சற்றுத் தள்ளி நின்று, அவசரமில்லாமல் பார்க்கிறார். அந்தத் தூரம்தான் நம்மை நெருக்குகிறது; நாமும் அந்தப் பெட்டியில் பயணிக்கும் ஒருவராகிவிடுகிறோம், எழுந்து போய் அந்த அட்டையைப் பிடுங்க முடியாதவராக. பெர்னதெத்தாக நடித்தபோது எல்லோராலும் பார்க்கப்பட்ட பெண், இப்போது யாராலும் பார்க்கப்படாத இரண்டு பெண்களைப் படமாக்கியிருக்கிறார். இந்த இரண்டுக்கும் உள்ள உறவை நான் தற்செயல் என்று எண்ணவில்லை.

வெனிஸின் வெள்ளிச் சிங்கத்தைத் தவிர, கனடாவில் சிறந்த இயக்குநருக்கான ஜீனி விருதும் இந்தப் படத்துக்குக் கிடைத்தது. ஷாந்தாலாக நடித்த பாஸ்கால் புஸியேருக்கு இது முதல் படம். பின்னாளில் அவர் கியூபெக்கின் முதன்மையான நடிகைகளில் ஒருவரானார்.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. வெனிஸ் விருது ஒருவரை அடுத்த படியில் ஏற்றிவிடும் என்ற எதிர்பார்ப்பு பெரிய திரைத்தொழில் உள்ள நாடுகளுக்குப் பொருந்தலாம். 1980களின் கியூபெக் அறுபது லட்சத்துக்குச் சற்றுக் கூடுதலான மக்கள் வாழ்ந்த மாகாணம். சுற்றிலும் ஆங்கிலக் கடல். அங்கே பிரெஞ்சு மொழியில் எடுக்கப்படும் படம் பெரும்பாலும் அரசு நிதியை நம்பித்தான் உருவாக வேண்டும். ஒவ்வொரு படத்துக்கும் திரைக்கதையை எழுதி, குழுக்களிடம் சமர்ப்பித்து, மறுத்தால் திருத்தி மீண்டும் சமர்ப்பிக்க வேண்டும். இரண்டு சிறுமிகளின் மரணத்தை இப்படி ஆறுதல் இல்லாமல் காட்டியவருக்கு இந்த வரிசை இன்னும் நீளும் என்பதைச் சொல்லத் தேவையில்லை. இடைப்பட்ட ஆண்டுகளில் அவர் சும்மா இருக்கவும் இல்லை: 1987இல் மகிழ்ச்சியைத் தேடி ஓடும் நுகர்வுச் சமூகத்தைப் பற்றி ஓர் ஆவணப்படம், அடுத்த ஆண்டு ஒரு தொலைக்காட்சித் திரைப்படம். மாண்ட்ரியலின் கான்கார்டியா பல்கலைக்கழகத்தில் பல ஆண்டுகள் திரைக்கலை கற்பித்தார்.

1993இல் மிகச் சிறிய செலவில் எடுத்த ‘இரண்டு நடிகைகள்’ படத்தை அவருடைய மறுவருகை என்றே சொல்ல வேண்டும். ஒருத்தியின் வாழ்க்கைக்குள் அதுவரை அறிந்திராத சகோதரி வந்து நுழையும் கதை ஒரு பக்கம்; அந்தப் பாத்திரங்களை ஏற்ற நடிகைகள் இயக்குநரோடு தங்கள் வாழ்க்கையைப் பற்றிப் பேசும் வீடியோப் பதிவுகள் இன்னொரு பக்கம். இரண்டும் மாறி மாறி வருகின்றன. ஒருவர் புஸியேர்தான். ‘சொனாத்தின்’ சிறுமி ஒன்பது ஆண்டுகள் கழித்து வளர்ந்த பெண்ணாக அதே இயக்குநரின் முன்னால் அமர்ந்திருக்கிறார். நடிகையாக இருந்த ஒருவரால் மட்டுமே கேட்கக்கூடிய கேள்விகள் அந்த உரையாடல்களில் இருக்கின்றன. என் மதிப்பீட்டில் ‘சொனாத்தின்’ படத்துக்கு அடுத்த இடம் இதற்குத்தான்.

அடுத்த ஆண்டே வந்த ‘ஒரு வீரனின் வாழ்க்கை’, இரண்டாம் உலகப்போரின்போது கியூபெக் பண்ணை ஒன்றில் வேலை செய்த ஜெர்மானியப் போர்க்கைதியைப் பற்றியது. என்னை அது பெரிதாகத் தொடவில்லை. 2003இன் ‘இசூதன் பொறி’ அப்படியல்ல. தன் குழந்தைகளைக் கொன்றுவிட்ட ஒரு தாயை நெடுஞ்சாலையில் காவலர் ஒருவர் தடுத்து நிறுத்துகிறார். அந்தக் கதைக்குள் கிரிம் சகோதரர்களின் பழைய தேவதைக் கதை ஒன்று மேடை நாடகமாக ஊடாடுகிறது. பார்க்க மிகக் கடினமான படம். ஆனால் அந்தப் பெண்ணை அரக்கியாக்கவோ மன்னித்து அனுப்பவோ லாங்தோ மறுக்கும் உறுதியை நான் மதிக்கிறேன்.

2009இல் ‘சூஸி’ படத்தில் அவரே இயக்கி, அவரே முதன்மை வேடத்தில் நடித்தார். வாழ்க்கை சலித்துப்போன ஒரு பெண் டாக்ஸி ஓட்டுநர். ஹாலோவீன் இரவில் ஆட்டிசம் உள்ள ஒரு சிறுவன் அவளுடைய வண்டியில் வந்து சேர்கிறான். அவளுக்கு அவனை இறக்கிவிட்டுப் போக எல்லா நியாயமும் இருக்கிறது, போகவில்லை. ‘சொனாத்தின்’ பயணிகள் செய்யாததை இருபத்தைந்து ஆண்டுகள் கழித்து இந்த ஓட்டுநர் செய்கிறாள். 2014இல் வந்த படத்தில் தனியாக வாழும் ஒரு பெண் வீடற்ற மனிதனைக் கடும் குளிரிலிருந்து காப்பாற்றத் தன் வீட்டுக்குள் அழைக்கிறாள். 2011இன் படமோ, 1959இல் ஒரு கன்னியர் பள்ளியில், கன்னியாஸ்திரீக்கும் இளம் பாதிரியாருக்கும் இடையே அரும்பும் காதலைக் கவனிக்கும் மாணவியைப் பற்றியது. கவனிப்பதும் கவனிக்காமல் போவதும்தான் இந்த வாழ்நாள் படைப்பின் மையம் என்று நான் சொல்வது இதனால்தான். விருதுக்குப் பின் அவர் உயரவில்லை என்பவர்கள் இந்தத் தொடர்ச்சியைப் பார்ப்பதில்லை.

சிறைக்கைதி வேடத்துக்கு வருகிறேன். ரேடியோ-கனடா தொலைக்காட்சியில் 2012இல் தொடங்கிய ‘யூனித்தே 9’ பெண்கள் சிறையைக் களமாகக் கொண்டு கியூபெக்கில் மிகப் பெரிய வரவேற்பைப் பெற்ற தொடர். அதில் லாங்தோ ஏற்ற எலீஸ் என்னும் மூத்த கைதியின் பாத்திரம் அவரைப் புதிய தலைமுறையின் வீடுகளுக்குள் கொண்டுசேர்த்தது. அதை வீழ்ச்சி என்று எண்ண எனக்கு மனம் ஒப்பவில்லை. நடிகை என்றால் தாழ்வு, இயக்குநர் என்றால் உயர்வு என்ற படிநிலையை நாம்தான் வைத்திருக்கிறோம். அவர் இரண்டையும் அக்கம்பக்கமாகவே செய்துவந்தார். 2003இல் நிகழ்த்துகலைகளுக்கான கனடாவின் தலைமை ஆளுநர் விருதும் அவரைத் தேடி வந்தது. எழுபது வயதைக் கடந்தபின், 2019இல், ஸ்பினோசாவின் தத்துவம் ஊடாடும் ஒரு படத்தை இயக்கினார்.

அவர் தனி ஆளும் அல்லர். அவருடைய தலைமுறையிலேயே நடிகை போல் பெயார்ஜோன் 1980இல் தன் முதல் முழுநீளப் படத்தைச் சக இயக்குநர் ஒருவரோடு எடுத்தார். கரோல் லோர் 2002இல் இயக்குநரானார். இன்றைய மோனியா ஷோக்ரி நடிகையாக அறிமுகமாகி, 2023இல் கானில் திரையிட்ட படத்துக்காக அடுத்த ஆண்டு பிரான்ஸின் சேசார் விருதைப் பெற்றிருக்கிறார். இவர்களில் எவரையும் வாய்ப்புக் குறைந்து ஒதுங்கியவர் என்று சொல்ல முடியாது.

எதிலிருந்து தொடங்குவது என்று கேட்டீர்கள். முதலில் ‘பெர்னதெத்’ பாருங்கள், அவர் இயக்கியது அல்ல என்றாலும். அடுத்து ‘சொனாத்தின்’. அதை மனம் தெளிவாக இருக்கும் நாளில், தனியாக அல்லாமல் யாரோடாவது சேர்ந்து பாருங்கள். பிறகு ‘இரண்டு நடிகைகள்’, ‘சூஸி’ என்ற வரிசையில் போகலாம். ‘இசூதன் பொறி’யைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். பார்த்தபின் எழுதுங்கள், குறிப்பாக அந்த மாலுமிப் பகுதியைப் பற்றி உங்கள் எண்ணத்தை அறிய விரும்புகிறேன்.

அன்புடன்,
ஆசிரியர்