சட்டக் கேள்வி பதில்: ஆளில்லாமல் தள்ளுபடியான மேல்முறையீடு

கேள்வி: வரப்புத் தகராறில் முன்சீப் நீதிமன்றம் எனக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்திருந்தேன். விசாரணையன்று வழக்கறிஞர் உடல்நலமின்றி வரவில்லை, நானும் போகவில்லை. தள்ளுபடியான செய்தி இரண்டு மாதம் கழித்தே தெரிந்தது. உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீடு செய்யலாமா?
- வாசகர், திருவாரூர் மாவட்டம்

பதில்: முதலில் உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்கி, எந்தக் காரணத்துக்காகத் தள்ளுபடி செய்யப்பட்டது என்று பாருங்கள். வாய்மொழியாகக் கேட்டதை நம்பி அடுத்த மனுவை எழுதுவதுதான் பல வழக்குகளைக் கெடுக்கிறது.

நீங்கள் வராததற்காக மட்டும் தள்ளுபடி என்றால், அது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 41-ஆம் கட்டளை 17-ஆம் விதியின்படியான உத்தரவு. 2(2) பிரிவின்படி அது தீர்ப்பாணை (கட்சிக்காரர்களின் உரிமையை முடிவு செய்யும் ஆணை) ஆகாது என்பதால் இரண்டாம் மேல்முறையீட்டுக்கு இடமில்லை. அதே சார்பு நீதிமன்றத்தில், அதே கட்டளையின் 19-ஆம் விதியின்கீழ், மேல்முறையீட்டை மீண்டும் கோப்பில் எடுக்கக் கோரி மனு செய்ய வேண்டும். மாறாக, ஆளில்லாத நிலையிலேயே சாட்சியங்களை அலசி, கீழ் நீதிமன்றத் தீர்ப்பு சரியே என்று எழுதித் தள்ளுபடி செய்திருந்தால், அந்த உத்தரவே பிழையானது. 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் 17-ஆம் விதியில் சேர்த்த விளக்கம், வராதவரின் மேல்முறையீட்டை, வழக்கின் நியாயத்தை ஆராய்ந்து தகுதியின் அடிப்படையில் தள்ளுபடி செய்ய அந்த விதி அதிகாரம் தரவில்லை என்கிறது. அப்போது 100-ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தை அணுகி, இதையே சட்டப் பிரச்சினையாக எழுப்பலாம்.

உங்களுக்கு உண்மையான இடர் காலவரம்பு. 1963-ஆம் ஆண்டு காலவரம்புச் சட்டத்தின் 122-ஆம் இனம் தரும் 30 நாட்கள், உங்களுக்குத் தெரிந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான நாளிலிருந்தே ஓடும். ஆகவே 5-ஆம் பிரிவின்கீழ்த் தாமதத்தை மன்னிக்கும் மனுவும் கூடவே தேவை. வழக்கறிஞரின் மருத்துவச் சான்றையும், உங்களுக்கு எப்போது, எப்படித் தெரிந்தது என்பதையும் பிரமாணப் பத்திரத்தில் தேதியோடு சொல்லுங்கள். வழக்கறிஞர் வராததற்காக ஒன்றுமறியாத கட்சிக்காரர் துன்புறக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981-இல் கூறியிருப்பது உங்களுக்குத் துணை. ஆனால் கட்சிக்காரரும் தம் வழக்கைக் கவனித்திருக்க வேண்டும் என்று எதிர்த்தரப்பு வாதிடும், அந்த வாதத்தையும் நீதிமன்றங்கள் ஏற்றதுண்டு. மனு ஏற்கப்பட்டால் செலவுத்தொகை கட்டச் சொல்லலாம். மறுக்கப்பட்டால் 43-ஆம் கட்டளை 1(த) விதியின்கீழ் மேல்முறையீடு உண்டு.

மேல்முறையீட்டில் தடையாணை பெற்றிருந்தால் அதுவும் தள்ளுபடியோடு போய்விட்டது. எதிர்த்தரப்பு இப்போதே நிறைவேற்று மனு (தீர்ப்பைச் செயல்படுத்தக் கோரும் மனு) போடலாம். அதனால் மனுவோடு இடைக்காலத் தடையும் கேளுங்கள்.

கேள்வி: எதிர்மேல்முறையீட்டாளர் (மேல்முறையீட்டில் எதிர்த்தரப்பு) வராவிட்டாலும் தள்ளுபடிதானா?

பதில்: இல்லை. ஒருதலைப்பட்சமாக, அதாவது அவர் இல்லாமலே, விசாரித்துத் தீர்ப்பளிப்பார்கள். அறிவிப்பு முறைப்படி தம்மிடம் சேர்க்கப்படவில்லை அல்லது வராமலிருக்கப் போதிய காரணம் இருந்தது என்று காட்டினால், 41-ஆம் கட்டளை 21-ஆம் விதியின்கீழ் மறுவிசாரணை கிடைக்கும். கெடு தீர்ப்பாணை நாளிலிருந்து 30 நாட்கள். அறிவிப்பே கிடைக்காதவருக்கு மட்டும் தீர்ப்பாணை தெரிய வந்த நாளிலிருந்து.