வாசகர் கேள்வி – பதில்: வார இறுதிக்கு ஒரு வீடு

கேள்வி: பெருநகரங்களைச் சுற்றி அழகான கிராமங்கள் எத்தனையோ இருக்க, வார இறுதி வீடுகள் சில பகுதிகளில் மட்டும் குவிவது ஏன்?

பதில்: அழகுக்கு இரண்டாவது இடம்தான், முதலில் பார்க்கப்படுவது பயண நேரம். ஏறத்தாழ 1,900 ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த ரோமானியரான இளைய பிளினி, தம் கடற்கரை மாளிகையைப் பற்றி எழுதிய கடிதத்தில், அறைகளையும் தோட்டத்தையும் வருணிப்பதற்கு முன்பே, அது ரோமிலிருந்து 17 மைல் தொலைவில் இருப்பதால் அன்றைய வேலைகளை முடித்துவிட்டே அங்கே போய்த் தங்கலாம் என்று சொல்லிவிடுகிறார். கனடாவின் மஸ்கோகா ஏரிப் பகுதி டொரண்டோ நகரத்தாரின் ஓய்விடமாக வளர்ந்ததில், 1875இல் கிரேவன்ஹர்ஸ்ட் வரை வந்த ரயிலுக்கும், அங்கிருந்து பயணிகளை ஏரிக்கரை விடுதிகளில் கொண்டுசேர்த்த நீராவிப் படகுகளுக்கும் பெரும் பங்கு உண்டு. பாறைகளும் ஏரிகளும் அதற்கு முன்பும் அங்கேதான் இருந்தன.

கேள்வி: அப்படியொரு வீட்டைச் சொந்தமாக வாங்குவது நல்லதா, போகும்போது வாடகைக்கு எடுப்பது நல்லதா?

பதில்: மாதம் ஒருமுறையாவது போக முடியாதவர்களுக்கு வாடகையே மேல் என்பேன். ஆள் புழங்காத வீடு விரைவில் பாழாகும். கழுவுதொட்டிக்கு அடியிலுள்ள வளைந்த குழாயில் எப்போதும் சிறிது தண்ணீர் தேங்கி நின்றால்தான் சாக்கடை வாடை மேலேறாது. வாரக்கணக்கில் பூட்டிய வீட்டில் அது வற்றிவிடுவதால், கதவைத் திறந்ததும் நாற்றம்தான் வரவேற்கும். கடுங்குளிர்ப் பகுதிகளிலோ, குளிர்காலத்துக்கு முன் குழாய்களிலுள்ள தண்ணீரை வடித்துவிடாவிட்டால், அது உறைந்து விரிந்து குழாயையே வெடிக்கச் செய்துவிடும். கிடைக்கும் இரண்டு நாள் விடுமுறையில் ஒரு நாளைப் பிளம்பருக்காகக் காத்திருந்தே கழிப்பதற்கு ஓய்வு என்று பெயரில்லை! வாங்கியே தீருவதென்றால், அந்தப் பகுதியின் மிக மோசமான பருவத்தில் ஒருமுறை தங்கிப் பார்த்தபின் முடிவுசெய்யுங்கள்.

கேள்வி: இவ்வீடுகளால் உள்ளூர் மக்களுக்கு நன்மை உண்டா?

பதில்: கொத்தனாருக்கும் தச்சருக்கும் வேலை கிடைக்கிறது, ஆனால், நகரத்துப் பணம் வந்து வீட்டு விலையை ஏற்றிவிடுவதால், அதே தச்சரின் பிள்ளைகள் சொந்த ஊரில் வீடு வாங்க முடியாமல் போகிறது. இதனால்தான் சுவிட்சர்லாந்து மக்கள், எந்த ஊரிலும் இரண்டாம் வீடுகள் 20 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று 2012இல் பொதுவாக்கெடுப்பில் முடிவுசெய்தார்கள். வேல்ஸில் 2023 ஏப்ரல் முதல், இரண்டாம் வீடுகளுக்கு வழக்கமான உள்ளாட்சி வரியோடு 300 சதவீதம் வரை கூடுதலாக விதிக்க உள்ளாட்சிகளுக்கு அதிகாரம் உண்டு.