பிரவுசரில் ஓடும் விண்டோஸ் 98-இல் சேமித்த கோப்பு, பக்கத்தைப் புதுப்பித்ததும் காணாமல் போவது ஏன்?

முதலில், நீங்கள் திறந்தது எது என்று பாருங்கள். 98.ஜேஎஸ் போன்றவை பழைய முகப்பை எச்டிஎம்எல்லில் வரைந்து காட்டுபவை. உள்ளே உண்மையான விண்டோஸ் இல்லை. வி86 என்ற எமுலேட்டர் (ஒரு கணினியை மென்பொருளால் போலச் செய்வது) அப்படியல்ல. ஒரு 32-பிட் கணினியையே பிரவுசருக்குள் நடத்துகிறது: பழைய ப்ராசஸரின் கட்டளைகளை உடனுக்குடன் வெப்அசெம்பிளியாக (பிரவுசர் வேகமாக ஓட்டும் குறியீடு) மாற்றி ஓட்டுகிறது. ஆகவே பூட் ஆவது நிஜமான விண்டோஸ்தான். 64-பிட் இயங்குதளங்கள் மட்டும் அதில் ஓடாது.

வி86-இல் ஓடும் விண்டோஸில், நோட்பேடில் எழுதி சி டிரைவில் சேமித்தால், அந்த மாற்றம் டேப்பின் நினைவகத்தில் மட்டும் நிற்கும். மூல டிஸ்க் இமேஜ் (விண்டோஸ் உள்ள வட்டின் முழு நகலான கோப்பு) மாறுவதில்லை. பக்கத்தைப் புதுப்பித்தால் எல்லாம் பழையபடி.

தீர்வு: மூடும் முன் மேலே உள்ள 'சேவ் ஸ்டேட்' பொத்தானை அழுத்துங்கள். ஒரு கோப்பு இறங்கும். ரேம் முழுவதும் அதில் அடங்குவதால் பெரிதாகத்தான் இருக்கும். அடுத்தமுறை அதே இயங்குதளத்தைத் திறந்து 'லோட் ஸ்டேட்' கொடுங்கள். வேறு டிஸ்க் இமேஜுடன் ஏற்றினால் சரியாக வராது.

இன்னொன்று, கை பழக்கத்தில் கன்ட்ரோல்+டபிள்யூ அழுத்திவிடாதீர்கள். அதைப் பிரவுசரே பிடித்துக்கொண்டு டேப்பையே மூடப் பார்க்கும்; மூடிவிட்டால் உழைத்ததெல்லாம் போச்சு. மவுஸ் அம்பு இரண்டாகத் தெரிந்தால் 'லாக் மவுஸ்' பொத்தானை அழுத்துங்கள்; விடுவிக்க எஸ்கேப்.

பழைய மேக் போதுமென்றால், அதைப் பிரவுசரில் ஓட்டும் இன்ஃபினிட் மேக் தளம் இன்னும் வசதி. அதில் 'சேவ்டு' டிஸ்க்கில் வைத்தவை அதே பிரவுசரில் மறுமுறையும் இருக்கும். பிரவுசர் தரவை அழித்தால் அவையும் போய்விடும்.