மேகத்துக்குள் மறைந்த டெனாலி

கேள்வி: போன ஆகஸ்டில் அலாஸ்காவில் இருக்கும் மகள் வீட்டுக்குப் போயிருந்தோம். டெனாலி சிகரத்தைப் பார்க்க மூன்று நாள் காத்திருந்தும் ஒரே மேகம். "6,190 மீட்டர்தானே அத்தை, இமயமலையில் இதைவிட உயரமாக எத்தனையோ இருக்கு" என்று மாப்பிள்ளை சமாதானம் சொன்னார். நிஜமாகவே அவ்வளவுதானா?
– வாசகி, நங்கநல்லூர்

பதில்: மாப்பிள்ளை சொன்ன கணக்கு சரிதான் அம்மா, ஆனால் மலையை அடிவாரத்திலிருந்தும் பார்க்க வேண்டும். திபெத் பக்கம் எவரெஸ்ட் அடிவாரத்தில் நிற்கிறவர் ஏற்கெனவே 5,000 மீட்டருக்கு மேல் நிற்கிறார், அங்கிருந்து மிச்சம் சுமார் 3,700 மீட்டர். டெனாலியோ ஏறக்குறைய 600 மீட்டர் உயரத் தாழ்நிலத்திலிருந்து 5,500 மீட்டர் எழும்பி நிற்கிறது.

ஏறுகிறவர்கள் டால்கீட்னா என்ற சிற்றூரிலிருந்து குட்டி விமானத்தில் போய்க் கஹில்ட்னா பனியாற்றில் இறங்குகிறார்கள். அந்த முகாம் சுமார் 2,200 மீட்டர், நம் தொட்டபெட்டாவைவிடத் தாழ்வு. அங்கிருந்து இரண்டு மூன்று வாரம், சுமைதூக்க ஆள் கிடையாது. சாப்பாடு, எரிபொருள், கூடாரம் எல்லாம் பாதி முதுகில், பாதி இடுப்பில் கட்டி இழுக்கும் சறுக்குவண்டியில். ஒரு வாய் தண்ணீர் குடிக்கவும் பனியை வெட்டி அடுப்பில் ஏற்ற வேண்டும், பானை நிறையப் போட்டாலும் உருகியபின் அடியில் கொஞ்சம்தான் தேறும்.

அப்புறம் காற்று. டெனாலி இருப்பது வடக்கே 63 டிகிரியில். பூமத்திய ரேகைப் பக்கம் தடித்திருக்கும் காற்றுமண்டலம் துருவத்தை நெருங்க நெருங்க மெலிகிறது. இமயத்தில் அதே உயரத்தில் இருக்கும் காற்றழுத்தம் இங்கே இருக்காது, அதனால் இன்னும் உயரத்தில் நிற்பதுபோல மூச்சு வாங்கும்.

மேகத்துக்காக மனசு கஷ்டப்படாதீர்கள். கடலிலிருந்து வரும் ஈரக்காற்று இந்த மலைத்தொடரில் முட்டி, மேலேறிக் குளிர்ந்து மேகமாகிவிடுகிறது. கோடையில் போகிறவர்களில் மூன்றில் ஒருவருக்குத்தான் தரிசனம் கிடைக்கிறது.

கேள்வி: ஆந்திராவில் இருக்கும் தெனாலிக்கும் இதற்கும் சம்பந்தம் உண்டா?
– பள்ளி மாணவர், பெரம்பூர்

பதில்: இல்லை தம்பி. விஜயவாடா ரயிலில் போகும்போது வருகிற தெனாலி வேறு. இது அலாஸ்காவின் கோயுகான் மக்கள் மொழியில் 'உயரமானது' என்ற பொருளில் வந்த பெயர். 1917-ல் அமெரிக்க அரசு மெக்கின்லி என்று அதிகாரபூர்வமாக்கியது, 2015-ல் டெனாலி ஆனது, 2025-ல் மறுபடி மெக்கின்லி. சுற்றியுள்ள தேசியப் பூங்காவின் பெயர் மட்டும் டெனாலியாகவே இருக்கிறது. அந்த மண்ணின் மக்கள் வைத்த பெயரைத்தான் நான் எழுதுவேன்.

அதற்கு ஒரு காரணமும் உண்டு. 1913 ஜூன் 7 அன்று உச்சியில் முதன்முதலாகக் கால் வைத்த வால்டர் ஹார்ப்பரின் தாய் அதே கோயுகான் இனம். ஹார்ப்பருக்கு அப்போது வயது 20. அந்தக் குழுவைத் திரட்டிய ஹட்சன் ஸ்டக் என்ற பாதிரியார், மலைக்குப் பழைய பெயரைத் திருப்பித் தரச் சொல்லி அப்போதே எழுதினார். ஹார்ப்பர் 1918 அக்டோபரில், டாக்டருக்குப் படிக்கும் கனவோடு புது மனைவியுடன் பிரின்சஸ் சோஃபியா கப்பலில் கிளம்பினார். அது அலாஸ்கா கரையோரம் பாறையில் மோதி மூழ்கியது. இருவரும் பிழைக்கவில்லை.