தலையங்கப் பக்கத்தில் ஒரு அரைப்பேர்

அன்பின் ஐயா,

கொழும்பில் ஒரு நாளிதழின் ஆசிரியர் தலையங்கப் பக்கத்தைப் பல வருடம் பார்த்ததாக எழுதியிருந்தீர்கள். ஆனால் அதில் உங்கள் பெயரை நான் கண்டதே இல்லை. எழுதியதெல்லாம் உங்கள் சொந்தக் கருத்தா? தேயிலைத் தோட்டத்துப் பிள்ளையாக அங்கே இருந்து நம் சனத்துக்கு என்ன செய்ய முடிந்தது? எனக்கும் அந்த வேலைக்கு வர ஆசை.

ஓர் ஆசிரியை, மஸ்கெலியா

அன்பின் தங்கச்சி,

சொந்தக் கருத்தா என்றால், பாதிதான். தலையங்கம் பத்திரிகையின் குரல், அதனால் பெயர் போடுவதில்லை. காலையில் ஆசிரியர் அறையில் கூடி எதைப் பற்றி, எவ்வளவு தூரம் போகலாம் என்று பேசுவோம், சிலநாள் அங்கே நான் எதிர்த்துப் பேசித் தோற்ற கருத்தையே மத்தியானம் நானே உட்கார்ந்து எழுதியும் இருக்கிறேன், அதுவும் நன்றாகவே.

தோட்டத் தொழிலாளருக்காகப் போராடிய நடேசய்யரை மனதில் வைத்துக்கொண்டு வந்துவிடாதீர்கள். 1920களில் ‘தேசபக்தன்’ பத்திரிகையை நடத்தியபோது பத்திரிகைக்காரரும் அவரே, தொழிற்சங்கக்காரரும் அவரே. வெளியாளைத் தோட்டத்துக்குள் விடாத காலத்தில் புடவை வியாபாரி வேஷத்தில் போய்ப் பார்த்துவிட்டு வந்தவர். நான் மாதச் சம்பளக்காரன், எனக்கு மேலே முதலாளி, அவருக்கு மேலே விளம்பரம்.

நம் சனத்துக்கு என்ன செய்தேன்? நம் சனத்தை நாடற்றவர்களாக்கிய 1948 பிரஜாவுரிமைச் சட்டம் பற்றி எழுதினேன். 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இங்கே, மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்று ஆட்களைக் கூறு போட்டதைப் பற்றி எத்தனையோ தடவை எழுதினேன். அந்தக் கணக்கெல்லாம் இன்றும் தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன். ஒரு வாசகர்கூட அதற்குக் கடிதம் போட்டதாக நினைவில்லை.

கடிதம் என்றதும் இதைச் சொல்ல வேண்டும். தலையங்கம் எழுத ஒன்றரை மணித்தியாலம் போதும், மற்ற நேரமெல்லாம் கட்டுரைகளை வெட்டி இடத்துக்குள் அடக்குவதும், அரசியல்வாதிகளின் ஆட்கள் டெலிபோனில் ஏசுவதைக் கேட்பதும், வாசகர் கடிதம் பார்ப்பதும்தான். ஒருநாள் தேயிலைக் கொழுந்து பறிக்கும் ஒரு அக்காவிடமிருந்து போஸ்ட்கார்ட் வந்தது, மழையில் கொழுந்து கிடைக்கவில்லை, நாள் முழுக்க மலையில் நின்றும் கேட்ட நிறை வராததால் அரைப்பேர்தான் போட்டார்கள் என்று. பேர் என்றால் முழுநாள் சம்பளத்துக்கான பதிவு, அரைப்பேர் என்றால் நாள் முழுக்க நின்றும் நிறை குறைந்ததால் பாதிச் சம்பளம் என்று எனக்குத் தெரியாதா? அம்மா விடியற்காலையில் பிரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் பிரிக்கும் இடத்துக்குப் போய்த்தான் என்னைப் படிக்க வைத்தார். ஆனாலும் பக்கத்து மேசைக்காரர் ‘தோட்டத்துத் தமிழ்’ என்று சிரிப்பாரோ என்ற கூச்சத்தில் அதை ‘அரைநாள் சம்பளம்’ என்று திருத்திப் போட்டேன்.

நாலாம் நாள் ஒரு தோட்ட நிர்வாகத்திடமிருந்து பதில் வந்தது. அரைநாள் வேலைக்கு அரைநாள் சம்பளம் கொடுப்பதில் என்ன தவறு என்று கேட்டிருந்தார்கள். நியாயமான கேள்விதானே! அந்த அக்கா வெயிலிலும் மழையிலும் நின்ற மற்ற அரைநாளை நான்தான் பேனாவால் கழித்துவிட்டேன். தோட்டத்தை நடத்தும் துரைமார்கூட அதைக் கழிக்கும்போது அரைப்பேர் என்று ஒளிக்காமல் சொல்லித்தான் கழித்தார்கள்.

அடுத்த போஸ்ட்கார்டில் அந்த அக்கா என்னை ஏசவில்லை, ‘நான் முழு நாளும் நின்றேன் ஐயா’ என்று மட்டும் எழுதியிருந்தார். அதை ஒரு எழுத்தும் மாற்றாமல் போட்டேன், கீழே திருத்தம் என்று இரண்டு வரி. பக்கத்து மேசைக்காரர் வந்து அரைப்பேர் என்றால் என்ன என்று கேட்டார், சிரிக்கவில்லை.

வேலைக்கு வாருங்கள். முதலில் கடிதப் பகுதியைத்தான் தருவார்கள், சின்ன வேலை என்று முகம் சுளிக்க வேண்டாம். அதற்கு முன் உங்கள் பள்ளிக்கூடத்தைப் பற்றி 300 சொல்லில் எழுதி அனுப்புங்கள், பார்க்கிறேன். எங்காவது கை வைக்க வேண்டியிருந்தால் உங்களைக் கேட்டுவிட்டுத்தான் வைப்பேன்.