பெருமைப்பட என்ன இருக்கிறது?

கேள்வி: அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்துக்கு, சென்னையில் கவர்னராக இருந்த எலிஹு யேலின் பெயரைத்தான் வைத்தார்களாமே? சென்னைக்கு இது பெரிய பெருமை அல்லவா?
– வாசகர், கும்பகோணம்

பதில்: பெயர் அவருடையதுதான். பெருமைப்பட எனக்கு மனசு வரவில்லை.

1718-ல் அந்தக் கல்லூரி பணத்துக்குத் தவித்துக்கொண்டிருந்தது. லண்டனில் இருந்த யேல் ஒன்பது மூட்டைச் சரக்கு, 417 புத்தகங்கள், முதலாம் ஜார்ஜ் மன்னரின் படம் ஆகியவற்றை அனுப்பிவைத்தார். சரக்கை விற்று 562 பவுண்டு கிடைத்தது. சரி, கொடுக்கிற அளவுக்கு அவருக்கு வசதி வந்தது எங்கே? சென்னை செயின்ட் ஜார்ஜ் கோட்டையில், கிழக்கிந்தியக் கம்பெனி உத்தியோகத்தில். 1687 முதல் 1692 வரை அங்கே அவர்தான் கவர்னர்.

அவர் பதவிக்கு வந்த சமயம் சென்னைப் பக்கம் கடும் பஞ்சம். கஞ்சிக்கு வழியில்லாத சனங்களை அடிமாட்டு விலைக்கு வாங்கினார்கள். ஐரோப்பா போகும் ஒவ்வொரு கப்பலிலும் குறைந்தது பத்து அடிமைகள் போக வேண்டும் என்று, யேல் அங்கம் வகித்த கோட்டைக் கவுன்சில் உத்தரவு போட்டது. ஒரே மாதத்தில் ஏற்றி அனுப்பப்பட்டவர்கள் 665 பேருக்குக் குறையாது. அப்போது சென்னையில் துறைமுகம் கிடையாது. கரையில் படகில் ஏற்றி, அலையைத் தாண்டித் தள்ளிக்கொண்டுபோய்த்தான் கப்பலில் சேர்ப்பார்கள். முந்தின நாள்வரை ஏதோ ஒரு ஊரில் வயல் வேலை பார்த்தவர்களை அந்தப் படகில் நினைத்துப் பாருங்கள்.

'1688-ல் அடிமை ஏற்றுமதியைத் தடை செய்ததும் அவர்தானே' என்று வக்காலத்து வாங்குவோர் உண்டு. பஞ்சம் தணிந்து, விலைக்கு ஆள் கிடைப்பது அருகி, முகலாய அதிகாரிகளும் எதிர்த்த பிறகு வந்த தடை அது. அதை இரக்கத்தின் கணக்கில் எழுத என்னால் முடியாது.

யேல் பல்கலைக்கழகத்தின் கலைக்கூடத்தில் ஓர் ஓவியம் இருக்கிறது. மேஜையைச் சுற்றி யேலும் உறவினர்களும் உட்கார்ந்திருக்கிறார்கள். ஓரத்தில் ஒரு கறுப்பினச் சிறுவன். பத்து வயது இருந்தால் அதிகம். கழுத்தில் பூட்டுப் போட்ட வெள்ளிப் பட்டை. 2020-ல் அந்தப் படத்தைக் கழற்றிவைத்துவிட்டு, அவன் யார் என்று தேடினார்கள். பெயர் கிடைக்கவில்லை.

அடிமை முறையோடு தனக்கிருந்த தொடர்புக்காக அந்தப் பல்கலைக்கழகமே 2024-ல் மன்னிப்புக் கேட்டுவிட்டது. கப்பலேறிப் போனது இந்தக் கரையோரத்து சனம் ஐயா. பல்கலைக்கழகத்துக்காரர்களே தலைகுனிந்த விஷயத்தில் நாம் காலரைத் தூக்கிவிட்டுக்கொள்வதா?