அந்த ஒரு நாழிகையில் பிறந்த குழந்தை

கேள்வி: மூன்று வருடமாக ஒரு நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். முழுக்கக் கற்பனை உலகம். அதில் மலைமேல் ஒரு மடம். அங்குள்ள அறிஞர்கள் காலத்தை நிறுத்துவார்கள், நீட்டுவார்கள், ஒரு நாழிகை பின்னால் திருப்புவார்கள். 'காலக்கணியர்' என்று பெயர் வைத்திருக்கிறேன். படித்த தோழிகள், "எது நடந்தாலும் அவர்கள் திருப்பிவிடுவார்கள் என்று தெரிந்துபோகிறது. அப்புறம் எதற்குப் பயப்படுவது?" என்கிறார்கள். ஏழாம் அத்தியாயத்தில் நகரமே எரிகிறது. அதையும் திருப்பிவிடுகிறார்கள். அவர்களுடைய சக்தியைக் குறைத்துவிடட்டுமா?
– ஒரு வாசகி

பதில்: அன்புள்ள சகோதரிக்கு,

குறைக்க வேண்டாம். நீங்கள் அனுப்பிய ஏழாம் அத்தியாயத்தை இரண்டு முறை படித்தேன். தீ நன்றாக எரிகிறது. அந்த வெக்கை எனக்கே பட்டது. பிறகு மடத்து மணி ஒருமுறை அடிக்கிறது, எல்லாம் பழையபடி ஆகிவிடுகிறது. யாருக்கும் ஒன்றும் போகவில்லை, யாருக்கும் ஒன்றும் கூடவில்லை. உங்கள் தோழிகளுக்கு அலுப்புத் தட்டுவது அந்த இடத்தில்தான்.

காலத்தில் கைவைத்த அறிஞர் கூட்டம் நிஜத்திலும் இருந்திருக்கிறது. பழைய ரோமில் 'பொந்திஃபெக்ஸ்' எனப்பட்ட குருமார்களைப் பாருங்கள். அன்றைய ரோமானிய ஆண்டுக்கு 355 நாள். அது பருவத்தோடு ஒத்துப்போக வேண்டுமானால், சில ஆண்டுகளில் பிப்ரவரியைச் சுருக்கி அதன் பின்னால் ஓர் அதிக மாதத்தைச் சேர்க்க வேண்டும். எந்த ஆண்டில் சேர்ப்பது என்று அறிவிக்கும் அதிகாரம் இந்தக் குருமார்களிடம் இருந்தது. அரசுப் பதவிகளோ ஓராண்டுக் காலம். வேண்டியவர் பதவியில் இருந்தால் மாதத்தைச் சேர்ப்பது, வேண்டாதவர் இருந்தால் விட்டுவிடுவது என்று ஆகிப்போனது. வரிக் குத்தகை எடுத்தவர்களின் லாபநஷ்டமும் இதில் அடக்கம். அறுவடைத் திருவிழா அறுவடைக் காலத்தில் வராத அளவுக்கு நாட்காட்டி தறிகெட்டது. கடைசியில் ஜூலியஸ் சீசர் கி.மு. 46-ஆம் ஆண்டை 445 நாட்களாக நீட்டித்தான் அதை நேராக்கினார்.

மந்திரம் ஏதுமில்லாமல், ஒரு மாதம் உண்டு என்றும் இல்லை என்றும் சொல்லும் வாய் மட்டுமே வைத்துக்கொண்டு இவ்வளவு செய்திருக்கிறார்கள். உங்கள் காலக்கணியரைப் பார்க்க ராத்திரியில் மலையேறி யார் யார் வருவார்கள் என்று யோசித்துப் பாருங்கள். பதவிக்காலம் முடியப்போகும் தளபதி, கடன் தவணை நெருங்கிவிட்ட வியாபாரி, வழக்கு நாளைத் தள்ளிப்போட நினைக்கும் நிலக்கிழார். உங்கள் பத்து அத்தியாயங்களில் ஒருவர்கூட அந்தக் கதவைத் தட்டவில்லையே!

சீசருக்குப் பிறகு நடந்தது எனக்கு இன்னும் பிடித்த பகுதி. நான்கு ஆண்டுக்கு ஒருமுறை ஒரு நாளைக் கூட்டுங்கள் என்பது அவர் ஏற்பாடு. அவர் கொலையுண்ட பிறகு குருமார்கள் மூன்று ஆண்டுக்கு ஒருமுறை கூட்டிக்கொண்டிருந்தார்கள். நம் ஊரில் 'இன்றைக்கு எட்டாம் நாள்' என்றால் அடுத்த வாரம் இதே கிழமை அல்லவா? இன்றையும் சேர்த்து எண்ணுகிறோம். ரோமர்களுக்கும் அதே வழக்கம். முந்தைய மிகுநாள் ஆண்டையும் ஒன்றாகச் சேர்த்து எண்ணியதால் 'நான்காவது' ஆண்டு மூன்றிலேயே வந்துவிட்டது. முப்பத்தைந்து ஆண்டுக்கு மேல் இந்தப் பிழை நடந்து, பிறகு பேரரசர் அகஸ்டஸ் சில மிகுநாட்களை விட்டுவிடச் சொல்லிச் சரிக்கட்டினார். சக்தி உள்ளவர்கள் எண்ணத் தெரியாமல் தவறுவதில் ஒரு தனிப் பயம் இருக்கிறது. உங்கள் மடத்திலும் யாராவது ஒருவர், கெட்ட எண்ணம் சிறிதும் இல்லாதவர், அப்படித் தவறட்டும்.

இன்னொன்றும் சொல்கிறேன். 1582-இல் போப் பதின்மூன்றாம் கிரகோரி நாட்காட்டியைத் திருத்தியபோது ஸ்பெயினில் அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15. அவிலாவின் புனித தெரசா இறந்தது அந்த இரவில். மறுநாளே அடக்கம் செய்தார்கள், தேதி 15. கணக்கில் காணாமல் போன அந்தப் பத்து நாட்களின் விளிம்பில் ஒரு மரணம் நிற்கிறது. காலத்தைத் திருத்துகிறவர்கள் வரலாற்றில் எங்கே தென்பட்டாலும் பக்கத்திலேயே இப்படி ஒரு தனி மனிதர் இருப்பார். நான் உங்கள் நாவலில் தேடுவது அவரைத்தான்.

பெயர் விஷயம். 'காலக்கணியர்' நன்றாகவே இருக்கிறது. சிலப்பதிகாரத்தில் புகார் நகரத்து மக்களை வரிசையாகச் சொல்லும் இடத்தில் 'நாழிகைக் கணக்கர்' வருகிறார்கள். முடிந்தால் அந்தப் பகுதியைப் படியுங்கள். முல்லைப்பாட்டை அவசியம் படியுங்கள். பாசறையில் இருக்கும் அரசனிடம், சிறிதளவு நீரைக் கொண்டு நாழிகை அளக்கும் வட்டிலைப் பார்த்து இப்போது இத்தனை நாழிகை என்று சொல்கிறவர்களை, 'பொழுதளந்து அறியும் பொய்யா மாக்கள்' என்கிறார் நப்பூதனார். பொழுதை அளக்கிறவனுக்கு அவர் தரும் அடைமொழி 'பொய்யா'. ரோமானியக் குருமார்களை நினைத்துக்கொண்டு அந்தச் சொல்லைப் படித்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது. மூன்றாம் அத்தியாயத்தில் நீர்வட்டிலுக்குக் காவல் இருக்கிறானே ஒரு பையன், அவனிடம் அந்தக் குணம் இருக்கிறது. அவனை ஒரே பக்கத்தில் விட்டுவிட்டுப் போய்விட்டீர்கள்.

இப்போது ஏழாம் அத்தியாயம். தீ எரிவது ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம். அவ்வளவு பெரிய நகரத்தில் அந்த நேரத்துக்குள் எங்காவது ஒரு வீட்டில் பிரசவம் நடந்திருக்கும். தெருமுனையில் தீ. உள்ளே ஒருத்தி வலியெல்லாம் கடந்து, பிள்ளை அழும் குரலைக் கேட்டுவிட்டாள், முகத்தையும் பார்த்துவிட்டாள். அப்போது மணி அடிக்கிறது. மறுபடி வலியின் தொடக்கத்தில் கிடக்கிறாள். இரண்டாம் முறையும் பிள்ளை பிறக்கிறது, ஆனால் அது வேறு பிள்ளை. ஊரில் எல்லோருக்கும் அந்த நாழிகை மறந்துபோகட்டும். இவளுக்கு மட்டும் மறக்க வேண்டாம்.

அவள் பச்சை உடம்போடு மலைப்படி ஏறி வந்து மடத்துக் கதவைத் தட்டட்டும். கதவைத் திறப்பது அந்த நீர்வட்டில் பையன். "என் பிள்ளை எங்கே?" என்று கேட்கிறாள். அவன் என்ன சொன்னான் என்று எழுதி அனுப்புங்கள், காத்திருக்கிறேன்.